இரண்டு மணி அலாரமும் மான்ஸ்டர் வேட்டைக் கணக்கும்

எட்டாம் வகுப்பில் மூன்றாவது பெஞ்சில் உட்காரும் ஒரு மாணவன், முதல் பாடவேளையிலேயே தூங்கிக்கொண்டிருந்தான். முதல் இரண்டு நாள்கள் எழுப்பி, முகம் கழுவி வரச் சொன்னேன். மூன்றாம் நாள் எல்லார் முன்னாலும் திட்டினேன். நான்காம் நாளும் தூங்கினான். திட்டுவதால் பயனில்லை என்று தெரிந்த பிறகுதான், முதல் நாளே கேட்டிருக்க வேண்டிய கேள்வியை மதிய இடைவேளையில் அவனைத் தனியாக அழைத்துக் கேட்டேன்.

“ராத்திரி எத்தனை மணிக்குப்பா தூங்குற?”

“ஒன்பது மணிக்கே தூங்கிருவேன் டீச்சர். ரெண்டு மணிக்கு அலாரம் வச்சு எந்திரிப்பேன்.”

“படிக்கவா?”

“இல்ல டீச்சர். எனர்ஜி ஃபுல் ஆயிரும். அடிக்கலைன்னா வேஸ்ட் ஆயிரும்.”

எனக்கு ஒன்றும் புரியவில்லை. பதினெட்டு ஆண்டுகளாகக் கணக்குப் பாடம் நடத்துகிறேன். “எதுப்பா ஃபுல் ஆகும்?” என்று நான் கேட்டதும், நான்கு நாள்களாகக் குனிந்தே இருந்த அவன் தலை நிமிர்ந்தது. அடுத்த இருபது நிமிடம் அவன் எனக்குப் பாடம் நடத்தினான்.

அவன் அம்மா நூற்பாலையில் இரவு ஷிப்டுக்குப் போகிறவர். கொரோனா காலத்தில் அக்காவின் ஆன்லைன் வகுப்புக்காகக் கடனில் வாங்கிய போன் வீட்டில் இருக்கிறது. இரவில் அது இவன் கையில். நம்மில் பலருடைய வகுப்பில் இப்படி ஒரு மாணவனாவது இருப்பான் என்பதால், அந்த இருபது நிமிடமும் அதன் பின் நாங்கள் நடத்திய நான்கு பாடவேளைகளும் இங்கே பகிரத் தக்கவை என்று நினைக்கிறேன்.

மான்ஸ்டர் வேட்டை என்றால் என்ன?

மொபைல் வியூக விளையாட்டுகளில் ஓர் உதாரணம் லார்ட்ஸ் மொபைல். சிங்கப்பூரைத் தலைமையிடமாகக் கொண்ட ஐ.ஜி.ஜி. நிறுவனம் 2016-இல் வெளியிட்டது. கோட்டை கட்டுவது, வளங்களைச் சேர்ப்பது, படை திரட்டுவது, கில்டு எனப்படும் குழுவில் சேர்ந்து மற்றவர்களோடு போரிடுவது என்று அதில் பல பகுதிகள். அவற்றுள் ஒன்றுதான் மான்ஸ்டர் வேட்டை. இவ்வகை விளையாட்டுகள் பலவற்றிலும் இதே போன்ற வேட்டை உண்டு.

வரைபடத்தில் ஆங்காங்கே மான்ஸ்டர்கள் தோன்றும். ஒவ்வொன்றுக்கும் 1 முதல் 5 வரை ஒரு நிலை உண்டு. நிலை கூடக் கூட வீழ்த்துவது கடினம், பரிசும் பெரிது. தாக்கப் போவது படைவீரர்கள் அல்ல, ஐந்து ஹீரோக்கள். ஒவ்வோர் அடிக்கும் எனர்ஜி செலவாகும். எனர்ஜி நேரம் ஆக ஆகத் தானாக ஊறும். ஆனால் உச்ச அளவை எட்டியதும் ஊறுவது நின்றுவிடும். குறிப்பிட்ட நேரத்துக்குள் வீழ்த்தப்படாத மான்ஸ்டர் மறைந்துவிடும்.

நன்றாக வேட்டையாடுகிறவர்கள் கடைப்பிடிக்கும் விதிகளை அவன் விரல் விட்டு எண்ணினான். சில மான்ஸ்டர்களுக்கு உடல்வலுத் தாக்குதலைத் தாங்கும் சக்தி அதிகம், சிலவற்றுக்கு மாயத் தாக்குதலைத் தாங்கும் சக்தி அதிகம். அதைப் பார்த்து ஹீரோக்களைத் தேர்ந்தெடுக்க வேண்டும். ஒரே மான்ஸ்டரை இடைவெளி விடாமல் அடித்தால் அடுத்தடுத்த அடிகளுக்கு வலிமை கூடும். கோட்டைக்கு அருகில் இருப்பதை அடித்தால் போய்வரும் நேரம் மிச்சம். ஆய்வுக்கூடத்தில் வேட்டைக்கான ஆய்வுகளை முடித்தால் எனர்ஜிச் செலவு குறையும். தன்னால் முடிக்க முடியாத பெரிய நிலையைத் தொடுவதைவிட, முடிக்கக்கூடிய நிலையை அடிப்பது நல்லது. கில்டில் ஒருவர் ஒரு மான்ஸ்டரை வீழ்த்தினால் மற்ற உறுப்பினர்களுக்கும் பரிசு கிடைக்கும்.

வகுப்பில் இரண்டு வரி விடை சொல்லத் தயங்குகிற பிள்ளை, ஆறு விதிகளைக் காரணத்தோடு வரிசையாகச் சொன்னான். “இதுல எவ்வளவு கணக்கு இருக்கு தெரியுமாடா?” என்றேன். அவன் நம்பவில்லை. மறுநாள் கரும்பலகையில் நிரூபிப்பதாகச் சொன்னேன்.

வகுப்பறையில் போன் எடுக்கவில்லை. விளையாட்டைக் காட்டவும் இல்லை. தாள், பென்சில், பகடை இவை மட்டுமே. எண்களும் உண்மையான விளையாட்டின் எண்கள் அல்ல, கணக்குக்காக நாங்கள் வைத்துக்கொண்டவை. இதை முதலிலேயே மாணவர்களிடம் சொல்லிவிட்டேன்.

ஜார்ஜ் போல்யா 1945-இல் வெளியிட்ட ‘ஹவ் டு சால்வ் இட்’ நூலில் கணக்கைத் தீர்க்க நான்கு படிகளைச் சொன்னார். கணக்கைப் புரிந்துகொள்ளுதல், திட்டமிடுதல், செய்து முடித்தல், திரும்பிப் பார்த்தல். நம் மாணவர்கள் மூன்றாவது படியில்தான் தொடங்குவார்கள். முதல் இரண்டையும் கடைசியையும் விட்டுவிடுவார்கள். வேட்டையில் அந்தத் தவறு உடனே தெரிந்துவிடுகிறது என்பதே இதைப் பாடமாக்கத் துணிந்த காரணம்.

முதல் பாடவேளை: இரண்டு சோதனை அடிகள்

ஒரே வகை, ஒரே நிலை மான்ஸ்டர்கள் இரண்டு. ஒன்றை உடல்வலு அணி ஒருமுறை அடிக்கிறது, அதன் உயிரில் 2.5% குறைகிறது. மற்றொன்றை மாய அணி ஒருமுறை அடிக்கிறது, 4% குறைகிறது. ஓர் அடிக்கு 500 எனர்ஜி. உச்ச அளவு 12,000. எந்த அணியை அனுப்பலாம்?

“4% அணியை” என்று எல்லாரும் கத்தினார்கள். “சரி, முடிக்க முடியுமா?” என்றேன். 100-ஐ 4-ஆல் வகுத்தால் 25 அடி. 25-ஐ 500-ஆல் பெருக்கினால் 12,500. எனர்ஜி முழுதாக நிரம்பியிருந்தாலும் 500 குறைகிறது. உடல்வலு அணிக்கோ 40 அடி, 20,000 எனர்ஜி. வகுப்பு அமைதியானது. நல்ல அணியைத் தேர்ந்தெடுத்தாலும் கணக்கு இன்னும் முடியவில்லை. சதவீதமும் நேர் மாறலும் ஒரே கேள்விக்குள் வந்துவிட்டன.

இரண்டாம் பாடவேளை: தொடர் அடி

இப்போது ஒரு விதி சேர்த்தோம். இடைவெளி விடாமல் அடித்தால், ஒவ்வோர் அடியிலும் முதல் அடியின் வலிமையில் 5% கூடுதலாகச் சேரும். 4-இல் 5% என்பது 0.2. எனவே அடிகள் 4, 4.2, 4.4, 4.6 என்று போகும்.

எட்டாம் வகுப்புக்குக் கூட்டுத் தொடர்வரிசை தெரியாது. அட்டவணை போட்டுக் கூட்டச் சொன்னேன். 17-ஆவது அடியில் 95.2, 18-ஆவது அடியில் 102.6. பதினெட்டு அடியில் முடிந்தது. செலவு 9,000. பத்தாம் வகுப்பில் இதையே சூத்திரத்தால் இரண்டு வரியில் செய்யலாம்.

சில மாணவர்கள் 17 என்று விடை கொண்டுவந்தார்கள். அவர்கள் முந்தைய அடியின் 5%-ஐச் சேர்த்துக்கொண்டே போயிருந்தார்கள். 4, 4.2, 4.41 என்று. தவறு என்று அடிக்காமல், இரண்டு அட்டவணைகளையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதினேன். ஒன்று தனிவட்டி வளரும் விதம், மற்றொன்று கூட்டுவட்டி வளரும் விதம். ‘முதல் அடியின்’, ‘முந்தைய அடியின்’ என்ற ஒரு சொல் மாற்றம் விடையை மாற்றுகிறது. வாழ்வியல் கணிதப் பாடத்தில் இந்த வேறுபாட்டைப் புரியவைக்க நான் பட்ட பாடு அன்று பத்து நிமிடத்தில் முடிந்தது.

பிறகு ஒரு கேள்வி. பாதியில் சாப்பிடப் போய்விட்டான், தொடர்ச்சி அறுந்து மறுபடி 4-இலிருந்து தொடங்குகிறது. 9 அடி, பிறகு 9 அடி. முடியுமா? ஒன்பது அடிக்கு 43.2. இரண்டு முறைக்கு 86.4. அதே 18 அடி, ஆனால் 13.6% உயிர் மிச்சம். முடிக்க மேலும் 3 அடி வேண்டும்.

அப்போது ஒரு மாணவன், “அப்ப படிக்கிறதும் இடைவெளி விடாம ராத்திரி பூரா படிச்சாத்தானே டீச்சர் நல்லது?” என்றான். நல்ல கேள்வி. விளையாட்டின் விதி விளையாட்டுக்கு மட்டும். 1885-இல் ஹெர்மன் எபிங்ஹாஸ் மறதி பற்றிய தம் ஆய்வை வெளியிட்ட காலத்திலிருந்தே, ஒரே மூச்சில் படிப்பதைவிட இடைவெளி விட்டுத் திரும்பப் படிப்பது அதிகம் நிலைக்கும் என்பது நமக்குத் தெரியும். நம் மூளை மான்ஸ்டர் அல்ல என்று சொன்னதும் சிரித்தார்கள். கேளிக்கையிலிருந்து பாடத்துக்கு வரும்போது எது பொருந்தும், எது பொருந்தாது என்று நாம்தான் கோடு போட்டுக் காட்ட வேண்டும்.

மூன்றாம் பாடவேளை: நிரம்பி வழியும் தொட்டி

இதுதான் அந்த மாணவனுக்கான பாடம். மற்றவர்களுக்கு அது தெரியாது.

எனர்ஜி மணிக்கு 600 வீதம் ஊறுகிறது. இரவு 9 மணிக்கு ஒருவனிடம் 9,000 இருக்கிறது. உச்ச அளவு 12,000. காலை 5 மணிக்கு எழுகிறான். எவ்வளவு வீணாகும்?

இங்கே எனக்கு ஒரு சிக்கல். வகுப்பில் பாதிப் பேர், குறிப்பாக மாணவிகள், இந்த விளையாட்டையே பார்த்ததில்லை. அவர்கள் இரண்டு நாள்களாகச் சற்று ஒதுங்கியே இருந்தார்கள். அப்போது ஒரு மாணவி எழுந்து, “இது எங்க தெரு மேல்நிலைத் தொட்டி மாதிரிதானே டீச்சர்? மோட்டாரை நிறுத்தாம விட்டா வழிஞ்சு ஓடும்ல?” என்றாள். அதன் பிறகு கணக்கு எல்லாருடையதும் ஆனது. நிரம்ப வேண்டியது 3,000. மணிக்கு 600 என்றால் 5 மணி நேரம். இரவு 2 மணிக்குத் தொட்டி நிரம்பும். 2 முதல் 5 வரை வழிவது 1,800.

மூன்றாவது பெஞ்சைப் பார்த்தேன். இரண்டு மணி என்றதும் அவன் என்னைப் பார்த்தான்.

“சரி, வழியவே கூடாது, ஆனா 8 மணி நேரம் தூங்கணும். என்ன செய்யலாம்?” என்று கேட்டேன். முன்பு தொட்டியைச் சொன்ன அதே மாணவிதான் முதலில் சொன்னாள். “படுக்கும்போதே தொட்டியில இடம் வச்சிருக்கணும் டீச்சர்.” எவ்வளவு இடம்? 8 மணி நேரத்துக்கு 4,800. ஆக, படுக்கும்போது 7,200 அல்லது அதற்குக் குறைவாக இருந்தால் போதும்.

முந்தைய நாள் கணக்கை இதோடு இணைத்தோம். மாலை 7 மணிக்கு 12,000 இருக்கிறது. 18 அடி, 9,000 செலவு. மிச்சம் 3,000. இரவு 9.30-க்குப் படுக்கும்போது 4,500. காலை 5.30-க்கு எழும்போது 9,300. தொட்டி வழியவில்லை. அலாரம் தேவையில்லை.

அவன் கை தூக்கினான். முதல் பாடவேளையில் தூங்கும் பிள்ளை அந்தப் பருவத்தில் முதல் முறையாகக் கை தூக்கினான். “டீச்சர், ஆனா காலையில 10 மணிக்கு ஃபுல் ஆயிருமே. பள்ளிக்கூடத்துல இருக்கும்போது சாயங்காலம் 7 மணி வரைக்கும் வழியுமே?”

சரியாகச் சொன்னான். 10 முதல் 7 வரை 9 மணி நேரம், 5,400 வழியும். மற்றொரு வழியிலும் சரிபார்த்தோம். ஒரு நாளில் ஊறுவது 14,400, செலவு 9,000, வித்தியாசம் 5,400. போல்யாவின் நான்காம் படி.

இந்த இடத்தில் எனக்குத் தயார் பதில் இல்லை. “ஆமாம்பா, வழியும். அந்த 5,400-க்கு நீ என்ன கொடுத்த? காசா, உழைப்பா?” என்றேன். யோசித்துவிட்டு, “ஒண்ணும் கொடுக்கலை டீச்சர், தானா ஊறுது” என்றான். “தானா ஊறுறது வழிஞ்சா யாருக்கு நட்டம்? ரெண்டு மணிக்கு எந்திரிச்சா போறது என்ன?” அவன் பதில் சொல்லவில்லை. நானும் வற்புறுத்தவில்லை. அந்தக் கேள்வியை வீட்டுப்பாடமாக எல்லாருக்கும் கொடுத்தேன். அவன் நோட்டில் ஒரே வரி இருந்தது. ‘தூக்கமும் ஒரு எனர்ஜி, அதுக்கும் தொட்டி இருக்கு.’

நான்காம் பாடவேளை: பகடையும் பரிசுப் பெட்டியும்

அடித்தால் கிடைக்கும் பரிசு ஒவ்வொரு முறையும் ஒரே மாதிரி இருப்பதில்லை. எப்போது நல்லது வரும் என்று தெரியாது. பி.எட். படித்த நாம் எல்லாரும் ஸ்கின்னரைப் படித்திருக்கிறோம். எத்தனை முயற்சிக்கு ஒருமுறை பலன் என்று முன்கூட்டித் தெரியாத மாறும் விகித வலுவூட்டலில் நடத்தை விடாப்பிடியாகத் தொடரும், எளிதில் நிற்காது. தேர்வுக்காக எழுதிய அந்தப் பத்தி என் மாணவனின் கட்டைவிரலில் உயிரோடு இருப்பதை அன்றுதான் கண்டேன்.

‘ஆறு முறை உருட்டினால் ஒரு ஆறாவது விழுந்தே தீரும்’ என்று பிள்ளைகள் நம்பினார்கள். ஆளுக்கு ஆறு முறை பகடை உருட்டச் சொன்னேன். 32 பேரில் 12 பேருக்கு ஆறு விழவே இல்லை. கணக்கிட்டால் ஆறு முறையும் விழாமல் போகும் வாய்ப்பு ஏறத்தாழ 33.5%. அதாவது மூன்றில் ஒருவர். பிறகு பெட்டிக்கு வந்தோம். நூற்றில் ஒருமுறை கிடைக்கும் பரிசுக்காக நூறு பெட்டி திறந்தால் கிடைத்தே தீருமா? நூறு பேர் அப்படித் திறந்தால் சுமார் 37 பேருக்குக் கிடைக்காது. கணிப்பானில் 0.99-ஐ நூறு முறை பெருக்கி ஒன்பதாம் வகுப்பு மாணவர்கள் இதைச் சரிபார்க்கலாம்.

இந்தப் பாடத்துக்குப் பிறகு வேறொரு மாணவன் தனியாக வந்து, வேறு ஒரு விளையாட்டில் அம்மாவின் போனிலிருந்து 400 ரூபாய்க்குப் பெட்டிகள் வாங்கியதாகச் சொன்னான். திட்டவில்லை. அம்மாவிடம் சொல்ல அவனோடு நானும் போனேன்.

கவனிக்க வேண்டியவை

இதைச் செய்ய விரும்பும் ஆசிரியர்களுக்குச் சில குறிப்புகள்.

விளையாட்டை அறிமுகப்படுத்துவதாக நம் பாடம் ஆகிவிடக் கூடாது. தெரியாத பிள்ளைகளுக்குத் தொட்டி, சேமிப்பு உண்டியல், பேருந்துக் கட்டணம் என்று அதே கணக்கை மாற்றிக் கொடுங்கள். தொடக்க வகுப்புகளில் ‘10 எனர்ஜி இருக்கிறது, ஓர் அடிக்கு 3, எத்தனை அடி, மீதி எவ்வளவு?’ என்ற அளவு போதும்.

கில்டில் முகம் தெரியாத பெரியவர்களும் இருப்பார்கள். ஊர், பள்ளி, போன் எண், கடவுச்சொல், ஓ.டி.பி. எதையும் யாருக்கும் சொல்லக் கூடாது என்பதைப் பாடத்தோடு பாடமாகச் சொல்லுங்கள்.

விளையாடும் எல்லாப் பிள்ளைகளும் நோயாளிகள் அல்லர். உலக சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாட்டில் 2022 ஜனவரி முதல் நடைமுறைக்கு வந்த 11-ஆம் பதிப்பில் விளையாட்டுக் கோளாறு இடம்பெற்றுள்ளது. விளையாட்டைக் கட்டுப்படுத்த முடியாமை, மற்ற எல்லாவற்றையும்விட அதற்கே முதலிடம் தருதல், கேடு வந்த பின்னும் தொடர்தல் ஆகியவை அதன் அடையாளங்கள். பொதுவாக 12 மாத காலமாவது இவை நீடித்திருக்க வேண்டும். முடிவு செய்வது மருத்துவரின் வேலை. கவனித்துச் சொல்வது நம் வேலை. தேவைப்பட்டால் 14416 என்ற டெலி மானஸ் மனநல உதவி எண்ணைப் பெற்றோருக்குக் கொடுங்கள்.

இறுதியாக, அந்த மாணவன் என்ன ஆனான் என்று கேட்பீர்கள். அவன் விளையாட்டை விட்டுவிடவில்லை. அடுத்த தேர்வில் மதிப்பெண் வாரி வழங்கிவிடவும் இல்லை, ஏழு மதிப்பெண் கூடியது. ஆனால் அலாரத்தை எடுத்துவிட்டான். இரண்டு வாரம் கழித்து அவன் அம்மா ஷிப்ட் முடிந்து காலையில் பள்ளி வாசலில் என்னைப் பார்த்தார். “நான் வரும்போது இப்பல்லாம் நல்லா தூங்கிட்டு இருக்கான் டீச்சர், எழுப்பித்தான் அனுப்புறேன்” என்றார்.

முதல் பாடவேளையில் அவன் விழித்திருக்கிறான். சில நாள்கள் கேள்வியும் கேட்கிறான். உங்கள் வகுப்பில் நாளை ஒரு பிள்ளை தூங்கினால், முகம் கழுவி வந்ததும் ஒரு பத்து நிமிடம் ஒதுக்கி, இரவில் என்ன செய்தாய் என்று கேளுங்கள். பதில் புரியாவிட்டால், புரியும்படி சொல்லித் தரச் சொல்லுங்கள்.